திரையில் தாலி அறுத்தவள்

என் சின்னம்மா சினிமாவில் செய்த வேடங்களை முதலில் சொல்லிவிடுகிறேன். பால்காரி. மருத்துவச்சி. சிறைச்சாலையில் சாவிக்கொத்தோடு நடக்கிற காவல்காரி. பேய் பிடித்தவள்; வேறொரு படத்தில் பேய் ஓட்டுகிறவள். கதாநாயகியின் மாமியார், அடுத்த படத்தில் அதே கதாநாயகிக்கு வேலைக்காரி. செத்தவனின் அம்மா, செத்தவனின் அக்காள், செத்தவனின் மனைவி. சந்தையில் மீனைத் தூக்கி முகர்ந்து பார்த்துவிட்டு வாங்காமல் போகிற ஒருத்தி.

இவற்றில் எதற்கும் அவர் பெயர் திரையில் வந்ததில்லை. சிங்கப்பூரில் எடுக்கும் மலாய்ப் படங்களில் பெயர்கள் வரிசையாக வந்து முடிகிற இடத்தில் ‘டான் லாயின் லாயின்’ என்று ஒரு வரி வரும். ‘மற்றும் பலர்’ என்று பொருள். அந்த வரி வந்தவுடன் எங்கள் வீட்டார் மட்டும் கை தட்டுவோம். பக்கத்தில் இருப்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். பார்க்கட்டும்.

நாங்கள் இருந்தது மலாக்காவின் காஜா பெராங்கில், மலாக்காச் செட்டிகளின் கம்பத்தை, அதாவது கிராமத்தை, ஒட்டிய பலகை வீடுகளில் ஒன்றில். அவர்கள் கும்பிடுவது நம் சாமியைத்தான், வேண்டிக்கொள்வது மலாயில். சின்னம்மா சிறு வயதில் அந்தப் பிள்ளைகளோடுதான் விளையாடினார். அதனால் அவருக்குத் தமிழில் சண்டை போட ஆரம்பித்தால் பாதி வழியில் சொல் போதாமல் போகும். மீதியை மலாயில் முடிப்பார். எதிரில் இருப்பவருக்கு எந்தப் பாதி அதிகம் வலித்தது என்று சொல்ல முடியாது.

உலகப் போர் முடிந்து சில வருடங்களில் சிங்கப்பூரிலிருந்து ஒரு படக்குழு மலாக்காக் கடற்கரைக்கு வந்தது. இயக்குநர் மெட்ராஸ்காரர். அந்தக் காலத்து மலாய்ப் படங்கள் பலவற்றுக்கு அப்படித்தான்: முதலாளி சீனர், இயக்குநர் இந்தியர், நடிப்பவர்கள் மலாய்க்காரர்கள். அன்றைக்கு ஒரு கூட்டம் கடலைப் பார்த்து ஓடிவர வேண்டிய காட்சி. இயக்குநர் தமிழில் கத்தினார். உதவியாளர் அதை ஆங்கிலத்தில் சொன்னார். இன்னொருவர் அதை மலாயில் சொன்னார். கூட்டம் நின்ற இடத்திலேயே நின்றது. வேடிக்கை பார்க்கப் போயிருந்த சின்னம்மா பொறுக்க மாட்டாமல், இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நேராக மலாயில் ஒரு சத்தம் போட்டார். கூட்டம் ஓடியது. கேமரா தயாராக இல்லாததால் மறுபடியும் அவரே கூப்பிட்டு நிறுத்த வேண்டியிருந்தது.

இயக்குநர் பக்கத்தில் வந்து கேட்டாராம். “ஏம்மா, உனக்கு அழத் தெரியுமா?”

“எதுக்கு அழணும்? யாரு செத்தா?”

“உன் மகன்.”

“எனக்கு மகன் இல்லியே.”

“இருக்கான்னு நெனச்சுக்க.”

“அப்ப செத்ததையும் சேத்து நெனச்சுக்கிறேன், ஒரே வேலையா முடிஞ்சிரும்.”

அழுதார். சுற்றி நின்றவர்களில் இரண்டு கிழவர்கள் உண்மை என்று நினைத்து ஆறுதல் சொல்ல வந்துவிட்டார்கள். இப்படித்தான் அவர் தொழில் தொடங்கியது.

அதன் பிறகு ஸ்டுடியோவிலிருந்து ஆள் சொல்லி அனுப்பும்போதெல்லாம் ஒரு பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறுவார். மூவார் ஆற்றில் ஃபெரி, பத்து பகாட்டில் மறுபடியும் ஃபெரி, அப்புறம் ஜொகூர் பாலம். ஸ்டுடியோவுக்குப் பின்னால் துணைநடிகைகளுக்கு ஓர் அறை உண்டு. மலாய்ப் பெண்கள், ஒரு ஜாவாக்காரி, சின்னம்மா. அங்கே அவர் கற்றுக்கொண்டது என்ன என்று ஒரு முறை கேட்டேன். நடிப்பைப் பற்றி ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தேன்.

“கதாநாயகிக்குத் தனியா ஒரு லைட்டு வெப்பாங்க. நமக்கு லைட்டு கெடையாது. அவளுக்கு வெச்சதுல மிச்சம் எங்க விழுதுன்னு பாத்து அங்க போயி நிக்கணும். நின்னுட்டு அப்புறமா அழணும். இடத்த விட்டுட்டு அழுதா யாருக்குத் தெரியும்?”

நான் அரசாங்க மருத்துவமனையில் எக்ஸ்ரே எடுக்கிறவள். கோலாலம்பூரில் பயிற்சி முடித்து வந்தவள். வெளிச்சம் எங்கிருந்து வருகிறது, எதன் வழியாகப் போகிறது, எதில் போய் விழுகிறது என்பதுதான் எனக்கும் வேலை. அதனால் அவர் சொன்னது எனக்கு நன்றாகவே புரிந்தது.

சித்தப்பாவும் இந்தத் தொழிலில்தான் இருந்தார், மறு முனையில். மலாக்கா டவுனில் ஒரு படக்கொட்டகையில் ஆபரேட்டர். சின்னம்மா சிங்கப்பூரில் அழுதது சில மாதம் கழித்துப் பெட்டியில் வந்து சேரும்; சித்தப்பா அதை மெஷினில் மாட்டி ஓட்டுவார். “எல்லாரும் பொண்டாட்டிய ஒரு தடவதான் அழ வெப்பாங்க. எனக்கு மூணு ஷோ” என்பார். சொல்லிவிட்டுச் சுருட்டைப் பற்ற வைப்பார்.

இனி என் கல்யாண விஷயம்.

நான் பள்ளியில் படிக்கும்போதே அப்பா இறந்துவிட்டார். அம்மா அன்றிலிருந்து வெள்ளைச் சேலை. கல்யாணத்தில் என்னைத் தாரை வார்த்துக் கொடுக்கத் தம்பதியாக ஒருவர் வேண்டும். கணவனை இழந்தவர் அதைச் செய்வது எங்கள் பக்கத்தில் வழக்கமில்லை. எங்களுக்கு உறவு என்று இருந்தது சின்னம்மாவும் சித்தப்பாவும்தான். அவர்கள்தான் மணவறையில் உட்காரப்போகிறார்கள் என்பது பேசி முடிவு செய்ய வேண்டிய செய்தியாகவே எங்களுக்குத் தோன்றவில்லை.

மாப்பிள்ளை வீடு புக்கிட் காதில் என்ற ஊரில். அவர் நில அளவை அலுவலகத்தில் வரைபடம் வரைபவர். கோடு நேராக இருக்கும், கையெழுத்து நன்றாக இருக்கும், அதிகம் பேசமாட்டார். எனக்குப் பிடித்திருந்தது. பெண் பார்க்க வந்த அன்றே சின்னம்மாவின் தொழிலைச் சொல்லிவிட்டோம். மாப்பிள்ளையின் அம்மா முகம் சுளிக்கவில்லை. மாறாக, சின்னம்மாவைத் தனியாகக் கூப்பிட்டு, அந்தக் கதாநாயகன் நேரில் பார்த்தாலும் அவ்வளவு சிவப்பா என்று கேட்டார். “பவுடர எடுத்தா நம்ம கலர்தான் சம்பந்திம்மா” என்று சின்னம்மா சொன்னதும் அந்த அம்மா கொஞ்சம் வருத்தப்பட்டது போல் இருந்தது. மலாயாவுக்குச் சுதந்திரம் வரும், அது முடிந்து அடுத்த முகூர்த்தத்தில் கல்யாணம் என்று பேசி வைத்தோம்.

அந்தப் படம் வந்தது இந்த இடைவெளியில்தான்.

ஆற்றோரக் கம்பம் ஒன்றில் நடக்கும் கதை. கதாநாயகியின் பக்கத்து வீட்டில் ஒரு தமிழ்ப் பால்காரி. அவள் கணவனை வெள்ளம் அடித்துக்கொண்டு போய்விடும். மெட்ராஸ் இயக்குநருக்கு இந்த இடத்தில் தாலி அறுக்கும் காட்சி இல்லாமல் முடியவில்லை. பொருட்களைக் கவனிக்கும் மலாய்க்காரரிடம் தாலி என்றால் என்ன என்று சின்னம்மாவே விளக்கினாராம். அவர் ஒரு திரைச்சீலை வளையத்தைக் கழற்றி, மஞ்சள் கிடைக்காமல், கறித்தூளைக் கரைத்து நனைத்த நூலில் கோத்துக் கொடுத்தார். சின்னம்மா தன் சொந்தத் தாலியை ரவிக்கைக்கு உள்ளே விட்டு, அசையாமல் பிளாஸ்திரி ஒட்டிக்கொண்டார். கழுத்தில் திரைச்சீலை வளையத்தைக் கட்டிக்கொண்டு நின்றார். இழுத்து அறுத்தார், பொட்டைத் துடைத்தார், வளையலை உடைத்தார், மண்ணில் விழுந்தார். கழுத்தெல்லாம் கறித்தூள் எரிந்ததால் கண்ணீருக்குக் குறைவில்லை என்பார்.

மெட்ராஸ் சினிமாக்காரர்களிடம் ஒரு சாங்கியம் உண்டு. சாவுக் காட்சி எடுத்து முடித்ததும், செத்தவராக நடித்தவரை எழுப்பி உட்கார வைத்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்கச் சொல்லிக் கொஞ்ச நீளம் படம் எடுப்பார்கள். கேமரா கடைசியாகப் பார்த்தது சாவாக இருக்கக் கூடாது. தாலி அறுக்கிற காட்சிக்கும் அதுவே. அன்றைக்கும் சின்னம்மாவுக்குப் புதிதாகக் குங்குமம் வைத்து, தலையில் பூ வைத்துச் சிரிக்கச் சொன்னார்கள். சிரித்தார். அந்தத் துண்டு படத்தில் சேராது, வெட்டிப் போட்டுவிடுவார்கள். யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை, எல்லோருக்கும் தெரியும்.

எல்லோருக்கும் என்றால் மெட்ராஸ்காரர்கள் எல்லோருக்கும். படத்தை வெட்டி ஒட்டியவர் ஒரு சீன இளைஞர், புதிதாகச் சேர்ந்தவர். இயக்குநரோ ஊருக்குக் கப்பல் ஏறிவிட்டார். சாங்கியத்துக்குத் தனியாக எண் போட வேண்டாம் என்று அதே காட்சி எண்ணிலேயே எடுத்திருந்தார்கள். அந்த இளைஞர் பார்த்திருக்கிறார்: ஒரு பெண் கணவனை நினைத்துக் கதறுகிறாள்; பின்னால் அதே பெண் பூவும் பொட்டுமாகச் சிரிக்கிறாள். பழைய நாளை நினைத்துக்கொள்கிறாள் என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. கதறலுக்கு அடுத்து அந்தச் சிரிப்பை ஒட்டிவிட்டார். நியாயமான வேலைதான். சிங்கப்பூரில் மலாய்க்காரர்களும் சீனர்களும் அந்த இடத்தில் கைக்குட்டையை எடுத்தார்களாம்.

மலாக்காவில் நாங்கள் முதல் நாளே போனோம். அம்மா வரவில்லை, அவர் கொட்டகைக்கு வருவதை எப்போதோ நிறுத்தியிருந்தார். நானும் சின்னம்மாவும் மட்டும் உட்கார்ந்திருந்தோம். தாலியை அறுக்கும்போது எங்களுக்கு முன்னால் இருந்த தமிழ்ப் பெண்கள் எல்லோரும் மூக்கை உறிஞ்சினார்கள். சின்னம்மா என் கையைப் பிடித்து அழுத்தினார், பார் என்பதுபோல. அடுத்த கணம் திரை முழுவதும் அவர் முகம். குங்குமம், பூ, வாய் நிறையச் சிரிப்பு.

 முன்வரிசையிலிருந்து ஒருவன் கத்தினான். “அடியாத்தி! செத்ததும் செத்தான், இவளுக்கு என்னா சந்தோசம்!”

சிரிப்பு, விசில், செருப்பு. செருப்பு திரையில் சின்னம்மாவின் நெற்றியில் பட்டது. அவர் இருட்டில் என் காதோரம் குனிந்து சொன்னார். “குறி பாத்துத்தான் அடிச்சிருக்கான்.”

சித்தப்பா அந்தத் துண்டை வெட்டிவிட்டு ஓட்டலாம் என்று கொட்டகை முதலாளியிடம் கேட்டார். தவுக்கே என்று நாங்கள் கூப்பிடும் அந்த முதலாளி சம்மதிக்கவில்லை. மறுநாள் முதல் கூட்டம் இரு மடங்காகியிருந்தது. அந்தச் சிரிப்பைப் பார்க்கவே ஆட்கள் புக்கிட் காதிலிலிருந்தும் தோட்டங்களிலிருந்தும் வந்துகொண்டிருந்தார்கள். சந்தையில் சின்னம்மாவைப் பார்த்தால் பேச்சு நின்றுவிடும், அல்லது சத்தமாகத் தொடங்கும்.

“என்னாக்கா, வீட்டுக்காரரு போனா அவ்வளவு குளிர்ச்சியா?”

“உன் வீட்டுக்காரரு மூஞ்சியப் பாத்தா எனக்கு அழுகதான் வருது. ரெண்டும் தெரியும்லா எனக்கு.”

இப்படிப் பதில் சொல்லிவிட்டு வருவார். ஆனால் அவர் வாங்கி வரும் காய்கறி நாளுக்கு நாள் குறைந்ததை நான் கவனித்தேன். எல்லாக் கடையிலும் நிற்கவில்லை.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை மாப்பிள்ளை வீட்டிலிருந்து வந்தார்கள். மாப்பிள்ளை, அவருடைய அம்மா, தாய்மாமன். என் அம்மா வழக்கம்போல உள்கதவுக்குப் பின்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்தார். நல்ல காரியம் பேசும்போது அவர் முன்னால் வருவதில்லை. யாரும் அப்படிச் சொன்னதில்லை, அவராகவே அங்கே போய் உட்கார்ந்துகொள்வார். சின்னம்மா கோப்பி கொண்டுவந்து வைத்தார். சித்தப்பா ஒரு கோப்பையை எடுத்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்தார்.

தாய்மாமன்தான் தொடங்கினார். “ஊரு என்னா பேசுதுன்னு உங்களுக்குத் தெரிஞ்சிருக்கும்.”

“எனக்கு ஊரத் தெரியும். பேசுறதும் தெரியும்” என்றார் சின்னம்மா.

“நாங்க கொற சொல்ல வரல. ஆனா தாலிய அறுத்துட்டுச் சிரிச்ச கை தாரை வாக்குறதான்னு நாலு பேரு கேக்குறாங்க.”

“சிரிச்சது வாய்ங்க. கை என்னா பண்ணுச்சு?”

மாப்பிள்ளையின் அம்மா என்னைப் பார்த்தார். நான் படித்த பெண், ஏதாவது சொல்வேன் என்று எதிர்பார்த்தார் போலும். சொன்னேன். சாங்கியம் என்ன, அது எதற்கு, ஏன் ஒரே எண்ணில் எடுத்தார்கள், ஒட்டியவர் எப்படி நினைத்தார், அசல் தாலி அப்போது எங்கே இருந்தது, அறுபட்டது எதில் செய்தது. ஒன்றன்பின் ஒன்றாக, நோயாளியின் வீட்டாருக்குச் சொல்வதுபோல. மாமன் தலையாட்டிக்கொண்டே கேட்டார். கறித்தூள் வந்த இடத்தில் மாப்பிள்ளைக்குச் சிரிப்பு வந்து, அடக்கிக்கொண்டார்.

அவருடைய அம்மாவின் முகம் தெளிந்துவிட்டது. “ஐயோ, இத மொதல்லயே சொல்லியிருக்கலாம்லா! அப்ப அசல் தாலிய கழட்டவே இல்ல. சிரிச்சதும் நல்லதுக்குத்தான். என் வயித்துல பால வாத்தீங்க.” சின்னம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டார். “சம்பந்திம்மா, ஒண்ணே ஒண்ணு செஞ்சிருங்க. ஜாலான் துக்காங் எமாஸ் பிள்ளையார் கோயில்ல ஒரு வெள்ளிக்கிழம நாலு பேரு முன்னால ஒரு அர்ச்சன. தெரியாம நடந்திருச்சு, இனிமே இந்த வேஷமெல்லாம் கட்ட மாட்டேன்னு சாமி கிட்ட ஒரு வார்த்த. அவ்வளவுதான். சூசா, கஷ்டம் ஒண்ணும் இல்ல. கல்யாணம் ஜாம் ஜாம்னு நடக்கும்.”

அவர் கெட்டவர் இல்லை என்பதை இங்கே சொல்ல வேண்டும். உண்மையிலேயே எங்களுக்கு ஒரு வழி கண்டுபிடித்துக் கொடுத்துவிட்ட மகிழ்ச்சியில் இருந்தார்.

சின்னம்மா பிடித்த கையை விடுவித்துக்கொண்டார். “இனிமே நடிக்கக் கூடாது?”

“எதுக்கு சம்பந்திம்மா? உங்களுக்கு என்னா கொற? வீட்டுக்காரரு சம்பாதிக்கிறாரு.”

“அசல் தாலிய கழட்டியிருந்தா?”

“அதான் கழட்டலியே.”

“கழட்டியிருந்தான்னு கேக்குறேன். பிளாஸ்திரி கெடைக்காம, கழட்டி டப்பாவுல வெச்சிருந்தா, நான் வேற ஆளா?”

 சின்னம்மா கழுத்துக்குப் பின்னால் கையைக் கொண்டுபோனார். கூந்தலைத் தூக்கி, தாலிச் சங்கிலியைத் தலைவழியாக எடுத்தார். ஓரமாக உட்கார்ந்திருந்த சித்தப்பாவிடம் நீட்டினார்.

“இந்தாங்க, இதக் கொஞ்சம் பிடிங்க.”

சித்தப்பா வலது கையில் கோப்பியோடு இருந்தார். இடது கையில் வாங்கிக்கொண்டார். “எவ்வளவு நேரம்?”

“கோப்பி முடியிற வரைக்கும்.”

சித்தப்பா ஒரு வாய் குடித்தார். மாமன் எழுந்தே விட்டார். மாப்பிள்ளையின் அம்மா இரண்டு கைகளாலும் வாயைப் பொத்திக்கொண்டு, “சிவ சிவ, போடச் சொல்லுங்க, போடச் சொல்லுங்க” என்றார். சித்தப்பா இன்னொரு வாய் குடித்தார். எங்கள் வீட்டில் அவர் கோப்பி குடிக்கும் சத்தம் அவ்வளவு பெரிதாகக் கேட்டதில்லை.

“பாருங்க” என்றார் சின்னம்மா. அழும் குரல் இல்லை, ஸ்டுடியோக் குரலும் இல்லை. “குடிக்கிறாரு. நாளைக்கு இவருக்கு ஏதாச்சும் ஆனா அது அந்தச் சுருட்டால. என் வேலயால இல்ல. எங்க அக்கா உள்ளுக்கு உக்காந்திருக்கா. அவ சினிமாவுல நடிக்கல. குளிக்கும்போதுகூடத் தாலிய கழட்டுனவ இல்ல. அவ வீட்டுக்காரரு போயிட்டாரு. அதுக்கு எந்தப் படத்தச் சொல்லப் போறீங்க?”

உள்கதவுக்குப் பின்னால் நாற்காலி நகர்ந்தது. அம்மா வெளியே வந்தார். வெள்ளைச் சேலையின் முந்தானையை இழுத்துச் சொருகிக்கொண்டு, மாப்பிள்ளை வீட்டாருக்கு நேரே நின்றார். அவர்கள் எங்கள் வீட்டுக்கு வரத் தொடங்கியதிலிருந்து அம்மாவை முழுதாகப் பார்த்தது அன்றுதான் என்று நினைக்கிறேன்.

“தங்கச்சி கோயிலுக்கு வர மாட்டா. அவ மணவறையில உக்காரக் கூடாதுன்னா நான் உக்காந்துக்கிறேன். பெத்தவ நான்தானே.”

“வெள்ளச் சேலையோடயா?” என்றார் மாமன்.

“வெள்ளதான் இருக்கு. பளிச்சுன்னு தெரியும்.”

சின்னம்மா தன் அக்காளைத் திரும்பிப் பார்த்தார். எந்தப் படத்திலும் அவர் முகத்தில் நான் பார்க்காத ஒன்று அப்போது அதில் இருந்தது. ஒரு கணம்தான்.

மாப்பிள்ளையின் அம்மா என் பக்கம் திரும்பினார்.  “நீ சொல்லும்மா. படிச்ச பொண்ணு. இது சரியா? உன் வாழ்க்க.”

“சின்னம்மா புதுசா ஒரு படத்துக்கு ஒத்துக்கிட்டாங்க” என்றேன். “கல்யாணத்துக்கு முந்தியே முடிஞ்சிரும். அன்னைக்கு மணவறைக்கு வந்திருவாங்க. அம்மாவும் இருப்பாங்க. இதுல எனக்கு மாத்த ஒண்ணும் இல்லைங்க.”

அவர்கள் போனார்கள். வாசலில் செருப்பு மாட்டும்போது மாப்பிள்ளை ஒரு முறை திரும்பினார்; அவருடைய அம்மா கூப்பிட்டதும் போய்விட்டார். சித்தப்பா காலிக் கோப்பையைக் கீழே வைத்தார். “முடிஞ்சிருச்சு, வா” என்று சின்னம்மாவைக் கூப்பிட்டு, சங்கிலியைத் தலைவழியாக மாட்டினார். அது கொண்டையில் சிக்கிக்கொண்டது. இருவரும் அதை எடுக்கப் பட்ட பாட்டில் சின்னம்மா, “மெஷின்ல ஃபிலிம் மாட்டுற கைதானா இது?” என்று திட்டினார். அம்மா சிரித்தார். அந்த வீட்டில் அம்மா சத்தம் போட்டுச் சிரித்து நாளாகியிருந்தது.

ஊரில் சுதந்திரத்துக்குத் தோரணம் கட்டிக்கொண்டிருந்த நாட்களில் மாப்பிள்ளை மருத்துவமனைக்கு வந்தார். எக்ஸ்ரே அறைக்கு வெளியே, நோயாளிகளின் வரிசையில் நின்று, தன் முறை வந்ததும் உள்ளே வந்தார். அந்த ஒழுங்கு எனக்குப் பிடித்தது என்பதை மறைக்கப் போவதில்லை.

“தனியாப் பேசணும்.”

“இது நெஞ்சு படம் எடுக்கிற இடம். வெளிய ஆளு நிக்கிறாங்க. சுருக்கமாச் சொல்லுங்க.”

அவர் யோசித்து வைத்திருந்தார். பதிவு அலுவலகத்தில் முதலில் கையெழுத்துப் போட்டுவிடலாம். கோயிலில் பின்னால் சின்னதாகச் செய்துகொள்ளலாம். தாரை வார்க்கத் தன் சித்தப்பா வீட்டிலேயே ஒரு தம்பதி இருக்கிறார்கள். என் சின்னம்மா தாராளமாக வரலாம், யாரும் ஒன்றும் சொல்லமாட்டார்கள், இரண்டாவது வரிசையில் உட்காரலாம். என் அம்மாவும் அங்கேயே. கொஞ்ச நாள் போனால் எல்லாம் மறந்துவிடும்.

“மொத வரிசையில யாரு?” என்றேன்.

“அம்மா மனசு வெச்சுத்தான்...”

“நீங்க என்னா நினைக்கிறீங்க?”

அவர் கதிர் படாமல் நான் மாட்டிக்கொள்ளும் ஈய ஏப்ரன் தொங்குகிற ஆணியைப் பார்த்துக்கொண்டு நின்றார். நேரான கோடு போடுகிற கை. எந்தப் பக்கம் போடுவது என்று யாராவது சொல்ல வேண்டும். “அம்மாவ ஒரு வார்த்த கேட்டுட்டு வந்து சொல்றேன்” என்றார்.

நான் கதவைத் திறந்து, அடுத்தவரை வரச் சொன்னேன். இருமிக்கொண்டே ஒரு சீனப் பெரியவர் வந்தார். அவரை எக்ஸ்ரே தட்டுக்கு எதிரே நிறுத்தி, தோளைச் சரி செய்து, மூச்சை இழுத்துப் பிடிக்கச் சொன்னேன்.  படம் தெளிவாக வந்தது.

எனக்கு வருத்தம் இல்லையா என்று தோழிகள் கேட்கிறார்கள். இருந்தது. அவருடைய கையெழுத்து நினைவுக்கு வரும்போது இன்னமும் வரும். அதற்காக இரண்டு பெண்களைப் பின்வரிசையில் கொண்டுபோய் உட்கார வைக்க முடியாது.

சின்னம்மா ஒத்துக்கொண்ட படத்துக்குப் போனார். ஸ்டுடியோவில் எல்லோருக்கும் மலாக்காவில் பறந்த செருப்பு வரை கதை தெரிந்திருந்தது. அந்தச் சீன இளைஞர் அவரைப் பார்க்கவே வெட்கப்பட்டு ஒதுங்கினாராம். சின்னம்மா அவரைத் தேடிப் போய், “நீ ஒட்டுனது நல்லாத்தான் இருந்துச்சு. எங்க ஆளுங்களுக்குத்தான் விதவ சிரிச்சா புரிய மாட்டேங்குது” என்று மலாயில் சொல்லிவிட்டு வந்தார். இயக்குநர் ஊரிலிருந்து திரும்பியதும் அந்தச் சிரிப்பைப் போட்டுப் பார்த்தார். மறுபடி மறுபடி பார்த்தார். அதன் பிறகு சின்னம்மாவுக்கு வந்த வேடங்கள் மாறின. இப்போதெல்லாம் வாய் நிறையச் சிரிக்கிற பெண்களாக நடிக்கிறார். சாராயக் கடைக்காரி, கல்யாணத் தரகர், நாலு கணவர்களையும் புதைத்துவிட்டு ஐந்தாவதைத் தேடுகிற கிழவி. வசனம் அதிகம். அந்தக் கிழவி வேடத்தைப் பார்க்க அம்மாவே வந்தார். வெள்ளைச் சேலையில், சின்னம்மாவுக்கும் எனக்கும் நடுவில். முன்வரிசையிலிருந்து ஒருவன் ஏதோ கத்தினான். அம்மா எழுந்து நின்று, “யாருடா அவன்? டிக்கெட்டு வாங்குனா வாயப் பொத்திக்கிட்டுப் பாரு” என்றார். அவருக்கு அப்படிக் குரல் உண்டு என்று எனக்குத் தெரியாது. சின்னம்மாவுக்குத் தெரிந்திருந்தது. “சின்னதுல சண்டைக்கு நான் இவகிட்டதான் ஓடுவேன்” என்றார்.

என்னைக் கேட்டு இன்னமும் ஆட்கள் வருகிறார்கள். அரசாங்க வேலை, படிப்பு என்று கேள்விப்பட்டு வருவார்கள். உள்கதவுக்குப் பின்னால் இருந்த நாற்காலியை அம்மா வாசல் பக்கம் கொண்டுவந்து போட்டுவிட்டார். வருகிறவர்களை அங்கேயே நிறுத்துகிறார்.

“பொண்ணோட சின்னம்மா சினிமாவுல நடிக்கிறா. தாலி அறுத்தும் நடிச்சிருக்கா, இன்னும் நடிப்பா. நான் விதவ. கல்யாணத்துல நாங்க ரெண்டு பேரும் மணவறையிலதான் இருப்போம். இது சம்மதம்னா செருப்பக் கழட்டிட்டு உள்ள வாங்க.”

சிலர் அங்கேயிருந்தே திரும்பிப் போய்விடுகிறார்கள். போன வாரம் வந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு வெகுநேரம் வாசலில் நின்றார்கள். பிறகு பையனின் அப்பா குனிந்து செருப்பைக் கழற்றினார்.